மறைக்கும் பூச்சும் வெளுக்கும் களிம்பும்

கள்ளக்குறிச்சிக் கடைவீதியில் முகத்துக்கென்று விற்ற சாமான்களை ஒரு காலத்தில் விரல்விட்டு எண்ணிவிடலாம். பாண்ட்ஸ், குட்டிகூரா, கோகுல் சாண்டல் என்று பவுடர் டப்பாக்கள். ஐடெக்ஸ் கண்மை, சாந்துப் பொட்டு. அப்புறம் சிவப்பழகு தருவதாகச் சொன்ன க்ரீம். சங்கராபுரத்திலிருந்தும் சின்னசேலத்திலிருந்தும் பஸ் ஏறி வந்தவர்கள் வாங்கிப்போனது இவற்றைத்தான். கச்சிராயபாளையம் வழியாக வெள்ளிமலைக்கு ஏறிப்போனதும் இவைதான். கண்ணுக்குக் கீழே படியும் கருவளையத்துக்கென்று தனியாக எதுவும் கிடையாது. முகம் முழுக்க வெள்ளையாகப் பவுடர் அப்பினால் வளையமும் அதோடு போய்விடும் என்ற நம்பிக்கை எங்கள் பக்கத்தில் பொதுவாக இருந்தது. போகவில்லை என்பதற்கு அந்தக் காலத்துக் கல்யாண ஆல்பங்களே சாட்சி. கழுத்து ஒரு நிறம், முகம் ஒரு நிறம். கண்ணுக்கு அடியில் மட்டும் அடுப்புச் சாம்பலைத் தொட்டு வைத்தாற்போல் ஒரு பிறை. கருவளையத்தின்மேல் பூசக்கூடியவை இரண்டே வகை. ஒன்று, கன்சீலர் என்னும் பூச்சு, மறைக்கும்; இன்னொன்று வெளுக்கும். மறைப்பதே நேர்மையானது, உடம்புக்குக் கேடு செய்யாதது என்பது இத்தனை காலம் பார்த்ததிலும் படித்ததிலும் நான் வந்தடைந்த முடிவு. ஆனால் வளையம் எதனால் வந்தது, பூசிக்கொள்ளும் தோல் என்ன நிறம் என்ற இரண்டையும் பார்த்து எடுத்தால்தான் கன்சீலர் மறைக்கும். பார்க்காமல் எடுத்தால் அந்த ஆல்பத்துச் சாம்பலைத்தான் திரும்பவும் கொண்டுவந்து வைக்கும்.

கண்ணுக்குக் கீழுள்ள தோல் உடம்பிலேயே மிக மெல்லியது. அரை மில்லிமீட்டர் தடிமன்தான் இருக்கும். அதனால் அங்கே மூன்று வேறு வேறு காரணங்கள் ஒரே கருப்பாகக் கண்ணுக்குத் தெரிகின்றன. முதலாவது, தோலிலேயே மெலனின் என்னும் நிறமி கூடிப் படிவது. இது பழுப்பாக இருக்கும், குடும்பவழியில் வரும், பல பேருக்கு மேலிமையிலும் இருக்கும். இரண்டாவது, மெல்லிய தோலுக்கு அடியில் ஓடும் ரத்தக்குழாய்கள் நீலமும் ஊதாவுமாக வெளியே தெரிவது. தூக்கம் கெட்டாலும், தும்மலும் மூக்கடைப்புமாக அலர்ஜி பிடித்தாலும் இது கூடும். மூன்றாவது நிறமே அல்ல, நிழல். கீழிமையை ஒட்டிய பள்ளம் குழிந்தோ, இமை உப்பியோ இருந்தால் மேலிருந்து விழும் வெளிச்சம் அங்கே நிழல் கட்டும். எது நமக்கு என்று ஓரளவு தெரிந்துகொள்ளக் கருவி எதுவும் வேண்டியதில்லை. ஜன்னலோரம் நின்று கீழிமைத் தோலைக் கன்னத்தை நோக்கி மெல்ல இழுத்துப் பார்க்கலாம். பழுப்பு மாறாமல் நின்றால் நிறமி. இழுக்க இழுக்க நீலம் எடுத்துக் காட்டினால் ரத்தக்குழாய். முகத்தை நிமிர்த்தி வெளிச்சத்துக்கு நேரே காட்டியதும் பெருமளவு மறைந்தால் நிழல். கலந்து இருப்பவர்களே அதிகம். குஜராத்தின் வதோதராவில் 200 பேரைச் சோதித்து 2014-இல் வெளியிட்ட ஆய்வில் பாதிப் பேருக்குச் சற்றுக் கூடுதலாகவே பிறவி வாகில் வந்த வளையம். அவர்களுக்கு அடுத்தபடி, தோல் அழன்று ஆறிய பின் கருத்துப்போனவர்கள். ஆகவே பார்க்கிறவர்கள் எல்லாரும் கேட்கும் “ராத்திரி தூங்கலையா?” என்ற கேள்வி நம்மவர்களில் பெரும்பகுதிக்குப் பொருந்தாத கேள்வி. தூங்கினால் சரியாகிவிடும் என்ற அறிவுரையும் அப்படித்தான்.

எங்கள் மாவட்டத்துக்கு என்று சில காரணங்கள் உண்டு. அவற்றைச் சொல்லாமல் பொதுப்படையாகப் பேசிப் பயனில்லை. கல்வராயன் மலை கிழக்குத் தொடர்ச்சியில் சின்னக் கல்வராயன், பெரிய கல்வராயன் என்று இரண்டு தட்டாக இருக்கிறது. பெரிய கல்வராயன் ஏறக்குறைய 4000 அடி உயரம். ஆயிரம் மீட்டர் உயரம் கூடினால் வெயிலில் உள்ள புற ஊதாக் கதிர் பத்து சதவீதம் அளவுக்குக் கூடும் என்பது பொதுக்கணக்கு. காற்று குளிர்ந்திருப்பதால் வெயில் உறைக்காது. உறைக்காத வெயிலும் தோலைக் கருக்கும். சாமைக் கொல்லையிலும் மரவள்ளிக் காட்டிலும் நாள் முழுக்கக் குனிந்து நிமிரும் மலையாளிப் பழங்குடிப் பெண்களுக்கு அந்த வெயிலோடு விறகடுப்புப் புகையும் சேர்கிறது. புகை கண்ணைக் கரிக்கும், கரித்த கண்ணைப் புறங்கையால் தேய்ப்பார்கள், தேய்த்த இடம் நாளடைவில் கருக்கும். சமவெளியில் வேறு கதை. மூங்கில்துறைப்பட்டு, கச்சிராயபாளையம் ஆலைகள் அரவை தொடங்கிவிட்டால் கரும்பு வெட்டும் குடும்பங்களுக்கு விடிகாலைத் தூக்கம் கிடையாது. மக்காச்சோளக் கதிரடிப்புத் தூசு தும்மலையும் கண் அரிப்பையும் கிளப்பும். கல்யாணப் பெண்ணின் நிலையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். முதல் நாள் மாலை ரிசப்ஷன் மேடையில் நள்ளிரவை நெருங்கும்வரை நின்றுவிட்டு, பொழுது விடியுமுன் முகூர்த்தத்துக்கு எழுந்து உட்காருகிறாள். வாழ்நாள் முழுக்கப் பாதுகாக்கப்போகும் படத்தில், வாழ்நாளிலேயே மிகக் குறைவாகத் தூங்கிய இரவின் கண்கள் பதிகின்றன. இந்த ஒவ்வொரு வளையமும் வேறு நிறம். ஒரே ஷேடு கன்சீலர் இத்தனைக்கும் பொருந்தும் என்று சொல்பவர் விற்கத்தான் சொல்கிறார்.

சாம்பல் எப்படி வருகிறது என்பதுதான் இதில் முக்கியமான பாடம். கன்சீலரில் நிறம் தருபவை பெரும்பாலும் டைட்டானியம் டையாக்சைடும் இரும்பு ஆக்சைடுகளும். முன்னது வெள்ளை, பின்னவை மஞ்சள், சிவப்பு, கருப்பு. வெளுத்த தோலுக்கென்று செய்த ஷேடில் வெள்ளை மிகுந்திருக்கும். நீலமோ ஆழ்ந்த பழுப்போ படிந்த இடத்தில் வெள்ளையைப் பூசினால் கருப்போடு வெள்ளை சேர்ந்த நிறம்தான் கிடைக்கும். அது சாம்பல் அல்லாமல் வேறென்ன? நீலத்தைத் தணிப்பது அதற்கு எதிர்நிறமான ஆரஞ்சு. ஆகவே மாநிறத் தோலுக்கு வெளிர் ஆரஞ்சு கலந்த, பீச் என்று சொல்லும் நிறத்தையும், கருத்த தோலுக்கு நல்ல ஆரஞ்சையோ செங்கல் சாயல் கொண்ட ஷேடையோ முதலில் மிக மெல்லியதாக இட்டு நீலத்தை அடக்க வேண்டும். அதற்கு மேல்தான் கன்னத்து நிறத்துக்கு ஒத்த கன்சீலர். தெருக்கூத்து வேரோடிய எங்கள் நிலத்தில் இதைப் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதே இல்லை. கூத்துக் கலைஞர்கள் சிவப்பையும் மஞ்சளையும் எண்ணெயில் குழைத்து முகத்துக்கு அடிநிறம் போட்ட பிறகே முத்துவெள்ளையைப் புள்ளியாகவும் கோடாகவும் மேலேற்றுகிறார்கள். (அவர்களுடைய பழைய அரிதாரம் ஆர்சனிக் அடங்கிய தாது, அந்தச் சரக்கை நான் பரிந்துரைக்கவில்லை, அந்த அறிவைத்தான் சொல்கிறேன்.) கருத்த தோலின்மேல் எந்த நிறம் எப்படி விழும் என்று விடிய விடிய விளக்கு வெளிச்சத்தில் பார்த்துப் பழகிய ஊரில், பகலில் பவுடரை அப்பிக்கொண்டு நடந்தோம் என்பது இன்று நினைத்தாலும் எனக்கு வருத்தம்தான்.

கடையில் ஷேடு பார்ப்பதிலும் பூசுவதிலும் கவனிக்க வேண்டியவை சில உண்டு. டியூப்லைட் வெளிச்சத்தில் எந்த ஷேடும் ஏமாற்றும். கடை வாசலுக்கு வந்து பகல் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். புறங்கை வெயில்பட்டு முகத்தைவிடக் கருத்திருக்கும், அதனால் வளையம் முடிந்து கன்னம் தொடங்கும் இடத்தில் ஒரு பொட்டு இட்டுப் பார்ப்பதே சரி. பல பேர் ஷேர் செய்த டெஸ்டர் குச்சியைக் கண்ணருகே கொண்டுபோக வேண்டாம், சுத்தமான விரலில் எடுத்து வைக்கலாம். பூசுமுன் முகம் கழுவி ஈரப்பதம் தரும் க்ரீம் தடவிக் கொஞ்ச நேரம் விட வேண்டும். வறண்ட தோலில் கன்சீலர் சுருக்கங்களுக்குள் இறங்கி வெடிப்பு காட்டும். மோதிர விரலால் தொட்டுத் தொட்டு ஒற்ற வேண்டுமே தவிர இழுத்துத் தேய்க்கக் கூடாது. சித்திரை, வைகாசி வெயிலில் கனமாகப் போட்டது மதியத்துக்குள் வழிந்துவிடும்; மெல்லியதாகப் போட்டதுதான் நிற்கும். நிழலால் வந்த வளையமானால் உப்பிய மேட்டில் பூசவே கூடாது, பூசினால் மேடு இன்னும் துருத்தும். மேட்டுக்குக் கீழே உள்ள பள்ளக் கோட்டில் மட்டும் ஒரு இழை போதும். கல்யாண மண்டபத்தில் கேமரா ஃப்ளாஷ் விழும்போது வெள்ளைப் பவுடரால் அழுத்தி முடித்த இடம் பளீரென்று வெளுத்துத் தெரியும் என்பதால் கடைசிப் பவுடர் தூவலாகவே இருக்கட்டும். இரவு படுக்குமுன் துளித் தேங்காயெண்ணெய் தொட்டு மெல்லத் துடைத்து எடுத்துவிட வேண்டும். ஏதாவது அரித்தால் உடனே நிறுத்த வேண்டும். புதிய பொருளைக் கண்ணருகே கொண்டுபோகுமுன் இரண்டு நாள் உள்முழங்கையில் தடவிப் பார்ப்பது இந்தத் தொல்லையை முன்கூட்டியே சொல்லிவிடும்.

இனி வெளுப்பவற்றைப் பார்க்கலாம். 1975-இல் இந்தியச் சந்தைக்கு வந்த ஃபேர் அண்ட் லவ்லி 2020-இல் க்ளோ அண்ட் லவ்லி என்று பெயர் மாற்றிக்கொண்டது. இந்த 45 ஆண்டுகளில் வெளுக்க வேண்டும் என்ற ஆசை நாடெங்கும் ஊறிப்போனது. அந்த ஆசையை நம்பி வேறு ஒரு சரக்கும் சந்தைக்குள் நுழைந்தது. ஹைட்ரோகுயினோனும் ட்ரெட்டினாயினும் ஸ்டீராய்டும் சேர்ந்த களிம்புகள் மருத்துவர் சொல்லிக் குறிப்பிட்ட நாள்கள் மட்டும் பூச வேண்டியவை. அவை அழகு க்ரீம் போலக் கைமாறின. முதல் சில வாரங்களில் முகம் பளிச்சென்று ஆகும், அதுதான் அதன் பொறி. நிறுத்தினால் சிவந்து எரியும், பருவெடிக்கும். எரிகிறதே என்று மறுபடி பூசுவார்கள். கண்ணுக்குக் கீழே அரை மில்லிமீட்டர் தோலில் மாதக்கணக்காக ஸ்டீராய்டு தடவினால் அது இன்னும் மெலியும். மெலிந்தால் அடியிலுள்ள ரத்தக்குழாய் இன்னும் தெரியும். வளையத்தைப் போக்கப் பூசியதே வளையத்தைக் கூட்டும். மருந்து இமை வழியாக உள்ளே இறங்கினால் கண்ணழுத்தம் ஏறலாம், புரை விழலாம். இவற்றைச் சீட்டில்லாமல் விற்பதைத் தடுக்க மத்திய அரசு 2018-இல் விதியைக் கடுமையாக்கியது. பாதரசம் கலந்த க்ரீம்கள் இன்னும் மோசம். 2023-இல் பக்கத்துக் கேரளத்தின் மலப்புரத்தில் சிறுநீரில் புரதம் இழந்து வந்த நோயாளிகள் சிலரிடம் மருத்துவர்கள் கண்டுபிடித்த பொதுக்காரணம் பாதரசம் கலந்த வெளுப்பு க்ரீம். நம் நாட்டின் 2020 அழகுசாதனப் பொருள் விதிகளின்படி முகக் க்ரீமில் தற்செயலாகக்கூடப் பத்து லட்சத்தில் ஒரு பங்குக்கு மேல் பாதரசம் இருக்கலாகாது. ஆனால் தயாரிப்பாளர் பெயரும் உரிம எண்ணும் இல்லாமல் வரும் டப்பாவை எந்த விதி கட்டுப்படுத்தும்? கன்சீலரால் சிறுநீரகம் பாதிக்கப்பட்டது என்று நான் எங்கும் படித்ததில்லை. சாயங்காலம் கழுவினால் போய்விடும் என்பதே அதன் பெருமை. தோலை மாற்றுவதாக அது வாக்குக் கொடுப்பதே இல்லை. இதைத்தான் நேர்மை என்கிறேன்.

மறைத்துக்கொண்டே இருந்தால் உள்ளே இருக்கும் நோயையும் மறைத்துவிடுவோமே என்று சிலர் கேட்கிறார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். தேசியக் குடும்ப நல ஆய்வின் ஐந்தாம் சுற்றுப்படி தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 53.4 சதவீதம் பேருக்கு ரத்தசோகை. முகம் வெளிறும்போது வளையம் எடுப்பாகத் தெரியும் என்பதும் உண்மை. ஆனால் ரத்தசோகையை யாரும் வளையத்தை வைத்துக் கண்டுபிடிப்பதில்லை. கிராம சுகாதார செவிலியர் பார்ப்பது கீழிமையின் உட்புறத்தை, நாக்கை, நகத்தடியை. கன்சீலர் பூசும் இடம் எதுவும் இதில் இல்லை. இமைக்கு உள்ளே செக்கச்செவேலென்று இருக்க வேண்டிய இடம் வெளுத்திருந்தால் ஹீமோகுளோபின் பார்க்க வேண்டும். கர்ப்பமில்லாத பெண்ணுக்கு அது 12 கிராமுக்குக் கீழே இருந்தால் ரத்தசோகை. பள்ளிகளில் வாரம் ஒருமுறை தரும் நீல நிற இரும்புச் சத்து மாத்திரையைக் கசக்கிறது, வயிறு பிரட்டுகிறது என்று தூக்கி எறியாமல் சாப்பிட்டபின் போட்டுக்கொள்ளச் சொல்வது, கன்சீலர் வேண்டாம் என்று சொல்வதைவிடப் பல மடங்கு பயனுள்ள காரியம். இன்னொன்றையும் சொல்ல வேண்டும். தினம் தன் கண்ணடியை நல்ல வெளிச்சத்தில் உற்றுப் பார்ப்பவள்தான் அங்கே புதிதாக ஏற்படும் வீக்கத்தையும் வெளிறலையும் முதலில் கவனிப்பாள். காலையில் இரண்டு கண்ணும் சேர்ந்து வீங்குகிறதென்றால் அது பூச்சுக்குள் அடங்கும் காரியமல்ல, சிறுநீர்ப் பரிசோதனைக்குப் போக வேண்டும். சிறுவங்கூரில் மருத்துவக் கல்லூரி வந்து 2022 ஜனவரியில் திறப்பும் கண்டுவிட்டது. எதற்கெடுத்தாலும் சேலத்துக்கும் புதுச்சேரிக்கும் ஓடிய நிலை இப்போது இல்லை.

நிறவெறிக்குத் தலைகுனிவதுதானே இதுவும் என்ற கேள்வி இதைவிடக் கூர்மையானது, அதைக் கேட்பவர்களை நான் மதிக்கிறேன். கருப்பைக் குறையென்று சொன்ன ஒரு சமூகத்தில் கருவளையத்தை மட்டும் ஏன் மறைக்க வேண்டும்? ஒருத்தி மறைக்காமல் நடந்தால் அவளுக்கு என் முழு மரியாதை. வளையம் பாதிப் பேருக்குப் பிறவியில் வருவது, அதில் வெட்கப்பட எதுவும் இல்லை. ஆனால் சிவப்பழகு க்ரீம் ஒரு பெண்ணிடம் கேட்பதும் கன்சீலர் கேட்பதும் ஒன்றல்ல. முன்னது, உன் தோல் வேறொருத்தியின் தோலாக மாற வேண்டும் என்கிறது. பின்னது, சரியான ஷேடாக இருந்தால், கண்ணடியை அவளுடைய கன்னத்தின் நிறத்துக்கே கொண்டுவருகிறது. கருத்த பெண் கருத்த பெண்ணாகவே இருக்கிறாள், களைப்பு மட்டும் தெரியவில்லை. அந்தக் கன்சீலரின் நிறம் அவள் நிறத்துக்குப் பணிய வேண்டும் என்பதே இதன் இலக்கணம். மேலைநாட்டில் இதுபோன்ற பூச்சைச் செய்தவரும் அழகிப் போட்டிக்காகச் செய்யவில்லை. அமெரிக்காவின் லிடியா ஓ’லியரி தன் முகத்தில் பிறவியிலேயே இருந்த சிவப்புத் தழும்பை மறைக்கவே கவர்மார்க் பூச்சை உருவாக்கி, 1932-இல் அதற்குக் காப்புரிமையும் பெற்றார். தழும்பைப் பற்றிய கேள்விகளிலிருந்து தப்பித்து வேலைக்குப் போக வேண்டும் என்பதுதான் அவர் தேவை. வெள்ளிமலைப் பக்கத்து உண்டு உறைவிடப் பள்ளியில் படித்து, நேர்முகத் தேர்வுக்குச் சமவெளிக்கு இறங்கும் பெண்ணுக்கும் தேவை அதேதான்: எதிரே உட்கார்ந்திருப்பவர் அவள் களைப்பைப் பற்றி அல்ல, அவள் படிப்பைப் பற்றிக் கேட்க வேண்டும்.

இயற்கை வைத்தியம் இருக்கும்போது ரசாயனம் எதற்கு என்பவர்களுக்குச் சுருக்கமாகவே பதில் சொல்லிவிடலாம். வெள்ளரித் துண்டும் குளிர்ந்த ஈரத்துணியும் உப்பலைத் தணிக்கும். ரத்தக்குழாய் வகைக்குக் கொஞ்ச நேரம் ஆறுதல் தரும். அதில் தவறில்லை. எலுமிச்சைச் சாறு அப்படியல்ல. புளிப்பு அந்த மெல்லிய தோலை அரிக்கும், அதோடு வெயிலில் நடந்தால் பொசுங்கிக் கருக்கும். கரிசலாங்கண்ணிச் சாறில் துணியை நனைத்து உலர்த்தி, விளக்கெண்ணெயில் எரித்துக் கரி பிடித்துச் செய்த வீட்டுக் கண்மையை நான் குறைத்துப் பேசமாட்டேன். ஆனால் இரவில் துடைக்காத மை காலையில் கீழிமையில் வழிந்து, அதைத் தேய்த்துத் தேய்த்துத் துடைப்பதில் வளையம் ஊறுகிறது. ஈயக் கலப்புள்ள சுர்மாவைக் கண்ணருகே கொண்டுபோகவே கூடாது. ரசாயனம் என்று பயப்படும் இரும்பு ஆக்சைடோ, செம்மண்ணுக்குச் சிவப்பைத் தரும் பொருளே. அது சூரியனின் கண்ணுக்குத் தெரியும் ஒளியையும் ஓரளவு தடுக்கிறது. பழுப்புத் தோலில் நிறமியைத் தூண்டுவதில் அந்த ஒளிக்கும் பங்குண்டு. சாதாரணச் சன்ஸ்க்ரீன்கள் பலவும் அதைத் தடுப்பதில்லை. நிறம் கலந்த பூச்சு கருத்த தோலுக்குத் தருகிற இந்தச் சிறு காவலை வெளுப்பு க்ரீம் எதுவும் தராது.

இதெல்லாம் காசுள்ளவர்கள் பேச்சு, விறகு சுமப்பவளுக்குக் கன்சீலர் எதற்கு என்பதும் அடிக்கடி வரும் பேச்சு. விறகடுப்புக்குப் பதில் புகையில்லாத அடுப்பும், வயிறு நிறையச் சோறும், இரும்புச் சத்தும், வெயிலுக்குத் தலைத்துணியும் முதலில் வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. கல்வராயன் மலை 1976 வரை ஜாகிர்தார்கள் பிடியில் கிடந்த மலை. அங்கே எது முன்னுரிமை என்று எவரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் ஏழைப் பெண் எதையும் பூசிக்கொள்வதில்லை என்பது உண்மையல்ல. அவள் ஏற்கெனவே வாங்குகிறாள். வாங்குவது, விலை குறைந்த, பெயரில்லாத, வெளுக்கும் என்று சொல்லி விற்கும் டப்பாவை. பணக்காரிக்குத் தவறான ஷேடால் ஒரு கல்யாணப் படம் கெடும். ஏழைக்குத் தவறான டப்பாவால் தோலும் கண்ணும் கெடும். ஆகவே இந்த அறிவு அதிகம் தேவைப்படுவது அவளுக்குத்தான். 2019-இல் விழுப்புரத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமான பிறகு கள்ளக்குறிச்சியில் பார்லர்களும் பெரிய பேன்சி ஸ்டோர்களும் பெருகியிருக்கின்றன. கன்சீலரும் கிடைக்கிறது. ஆனால் அடுக்கில் முன்னால் இருப்பது இன்னும் வெளுத்த ஷேடுகள்தான். பார்லரில் மணப்பெண்ணுக்கு எடுப்பதும் அவள் தோலைவிட இரண்டு படி வெளுத்ததுதான். அந்த இடத்தில் தயங்காமல் கன்னத்தைத் தொட்டுக் காட்டி, இந்த நிறத்தில் ஒன்று, இதைவிட ஆரஞ்சு கூடியதாக ஒன்று என்று கேட்க வேண்டும். பிரஷ்ஷைக் கழுவிவிட்டுத் தொடச் சொல்ல வேண்டும். டப்பாவைத் திருப்பி உரிம எண், காலாவதித் தேதி இரண்டையும் படிக்க வேண்டும். அந்த நிறம் இல்லையென்றால் வெளுத்ததை வாங்கிச் சமாளிக்காமல், வரவழைத்துத் தரச் சொல்லிவிட்டு வர வேண்டும். கேட்டு வராத சரக்கை எந்தக் கடைக்காரரும் அடுக்கமாட்டார். கேட்டுக்கொண்டே இருந்தால் அடுத்த லோடில் வந்துவிடும்.